தப்பு என் காலில் இல்லை!

பழைய வால்வு ரேடியோவை உங்களுக்கு ஞாபகம் இருக்கிறதா, சகோதரிகளே? என் பிறந்த வீட்டுக் கூடத்தில், மர ஸ்டாண்டின் மேல், பூ வேலை செய்த விரிப்பைப் போர்த்திக்கொண்டு ஒன்று உட்கார்ந்திருந்தது. சத்தத்தைக் கூட்டும் குமிழைத் திருகினால் முதலில் ஒழுங்காகத்தான் பேசும். ஒரு குறிப்பிட்ட இடம் வந்ததும் 'கரகர' என்று இருமும். இன்னும் கொஞ்சம் திருகினால் மறுபடி கணீரென்று பாடும். அந்த ஒரே இடத்தில் மட்டும் அதற்குத் தொண்டை கட்டிக்கொள்ளும். உடனே அப்பா தலையில் ஒரு தட்டுத் தட்டுவார். ரேடியோவின் தலையில்தான்!

அந்த ரேடியோ போய் எத்தனையோ வருஷமாகிவிட்டது. ஆனால் அதே இருமல் சென்ற தை மாதம் எங்கள் காருக்குள் புகுந்துகொண்டு என்னைப் படாத பாடு படுத்தியது. போதாததற்கு, 'உனக்குக் கார் ஓட்டத் தெரியவில்லை' என்ற பட்டத்தையும் எனக்கு வாங்கிக் கொடுத்தது. அந்தக் கதையைத்தான் இந்த வாரம் சொல்லப் போகிறேன். கார் வைத்திருப்பவர்களுக்கு இதனால் நாலு காசு மிச்சமாகலாம். கார் இல்லாதவர்கள், மிக்ஸி கெட்டாலும் கிரைண்டர் கெட்டாலும் 'பொம்பிளை கை பட்டால் இப்படித்தான்' என்று வீட்டில் எழும் பேச்சோடு இதைப் பொருத்திப் பார்த்துக்கொள்ளலாம்.

* * *

எங்களுடையது 2011-ஆம் வருஷம் வாங்கிய சின்னப் பெட்ரோல் கார். என் கணவர் மெட்ரோ ரயிலில் ஆபீசுக்குப் போய்விடுவதால், வார நாட்களில் வண்டி என் பொறுப்பு. என் மாமியாருக்கு விழித்திரையில் கோளாறு. மாதம் ஒரு தடவை ஆஸ்பத்திரிக்கு அழைத்துப்போய்க் கண்ணில் ஊசி போட்டுக்கொண்டு வர வேண்டும். திரும்பும்போது ஒரு கண்ணைக் கட்டி விட்டிருப்பார்கள். மற்றக் கண்ணுக்கும் பார்வை மட்டுத்தான். என் பக்கத்து ஸீட்டில், கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு, என் ஒருத்தியை நம்பி உட்கார்ந்திருப்பார்.

அப்படி ஒரு நாள் திரும்பி வரும்போது அடையாறில் ஒரு சிக்னல். பச்சை விழுந்தது. வலது பக்கம் திரும்ப வேண்டும். எதிரே ஒரு தண்ணீர் லாரி. ஆனால் தூரத்தில்தான் வருகிறது. தாராளமாகப் போய்விடலாம். ஆக்ஸிலேட்டரை மெதுவாக அழுத்தினேன். வண்டி நகர்ந்தது, நடு ரோட்டுக்கு வந்தது. அங்கே நின்று யோசிக்க ஆரம்பித்துவிட்டது! என் கால் அழுத்தியபடியே இருக்கிறது. எஞ்சினோ, 'போகட்டுமா, வேண்டாமா?' என்று தயங்குகிறது. லாரிக்காரர் ஹாரனை அலற விட்டார். பயத்தில் காலை ஓங்கி மிதித்தேன். அவ்வளவுதான், வண்டி ஒரு குதி குதித்துப் பாய்ந்தது. கண்ணைக் கட்டிக்கொண்டிருந்த மாமியார் என் தோளை இறுகப் பிடித்துக்கொண்டார். "என்ன ஆச்சு, கண்ணு?" என்று கேட்டார். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை.

வீட்டுக்கு வந்து சொன்னேன். "நீ கிளச்சைப் பட்டென்று விடுகிறாய்" என்றார் என் கணவர். "அம்மா, பேசாமல் ஆட்டோமாட்டிக் வண்டி வாங்கிவிடலாம்" என்றான் பிள்ளை. ஞாயிற்றுக்கிழமை அவரே வண்டியை எடுத்துக்கொண்டு கிழக்குக் கடற்கரைச் சாலையில் மகாபலிபுரம் வரைக்கும் போய் வந்தார். குதிரை மாதிரி ஓடியதாம்! "வண்டியில் ஒன்றும் இல்லை" என்று தீர்ப்பும் வழங்கிவிட்டார். வண்டியில் இல்லை என்றால் யாரிடத்தில் என்பதை நான் புரிந்துகொள்ள வேண்டியதுதான்.

அதைக்கூடப் பொறுத்துக்கொண்டேன். இரவு சாப்பாடு ஆனதும் மாமியார் என் கையைப் பிடித்து, "போகட்டும் கண்ணு, அடுத்த மாசம் ஆட்டோவிலேயே போய் வந்துவிடலாம். உனக்கும் சிரமம் இல்லை" என்றார். அன்பாகத்தான் சொன்னார். ஆனால் அன்று ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை.

* * *

மறுநாள் பெரிய ஒர்க்‌ஷாப் ஒன்றுக்கு வண்டியைக் கொண்டுபோனேன். பெயர் வேண்டாம். ஏ.ஸி. அறை, காப்பி, மரியாதை எல்லாம் பிரமாதம். ஸ்பார்க் பிளக்குகளை மாற்றினார்கள். ஏர் ஃபில்டரை மாற்றினார்கள். பெட்ரோல் பம்ப்பையும் மாற்றினார்கள். முன்னால் கண்சிமிட்டிக் கொண்டிருந்த 'செக் எஞ்சின்' விளக்கைப் பற்றிக் கேட்டேன். பாட்டரியைக் கழற்றி மாட்டினார்கள், விளக்கு அணைந்துவிட்டது. பில் எட்டாயிரத்துச் சொச்சம். நாலு நாள் கழித்து மயிலாப்பூர் மாடவீதி அருகே வண்டி மறுபடி யோசித்தது.

இங்கேதான் நான் ஒரு நல்ல காரியம் செய்தேன். பால் கணக்கு எழுதும் நோட்டின் பின்பக்கத்தில், வண்டி தயங்கும் ஒவ்வொரு தடவையும் நாலு விஷயங்களை எழுத ஆரம்பித்தேன். என்ன வேகம்? எந்த கியர்? எஞ்சின் சூடாகிவிட்டதா, இல்லையா? காலை எவ்வளவு அழுத்தியிருந்தேன்? பத்து நாளில் பதினாலு வரி சேர்ந்தது. வாசித்துப் பார்த்தபோது எனக்கே ஆச்சரியம். பதினாலில் பன்னிரண்டு தடவை, கால் லேசாக, ஏறக்குறைய ஒரே அளவுக்கு அழுத்தியிருந்தபோதுதான் வண்டி தயங்கியிருக்கிறது. நன்றாக மிதித்தபோது ஒரு தடவைகூட இல்லை.

நோட்டுடன் எங்கள் பக்கத்துத் தெருவில், தூங்குமூஞ்சி மரத்தடியில் வேலை செய்யும் மேஸ்திரியிடம் போனேன். அவர் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பதினாலு வரியையும் படித்தார். "அம்மா, பாதி வேலையை நீங்களே முடித்துவிட்டீர்கள். ஐயா ஓட்டினால் ஏன் வரவில்லை தெரியுமா? அவர் காலை நன்றாக அழுத்தி, அந்த இடத்தைத் தாண்டிப் போய்விடுகிறார். நீங்கள் டவுனுக்குள்ளே பதமாக ஓட்டுகிறீர்கள். கால் அந்த இடத்திலேயே நிற்கிறது" என்றார்.

என் வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது. பதமாக ஓட்டியதுதான் நான் செய்த குற்றம்!

* * *

'அந்த இடம்' எது என்று சொல்ல வேண்டாமா? கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள். கடினமான விஷயம் இல்லை.

என் அப்பா காலத்துக் கார்களில் கார்புரேட்டர் என்று ஒன்று இருந்தது. காலை அழுத்தினால் ஒரு கம்பி இழுக்கும். எஞ்சினுக்குக் காற்றுப் போகும் வழியில் உள்ள தகடு திறக்கும். உள்ளே பாயும் காற்று தன்னோடு பெட்ரோலையும் இழுத்துக்கொண்டு போகும். கணக்குப் பார்ப்பார் யாரும் இல்லை. நம் நாட்டில் 2000-ஆம் ஆண்டு ஏப்ரலிலிருந்து புகைக் கட்டுப்பாடு இறுகியது. அதையொட்டி கார்புரேட்டரும் புதுக் கார்களிலிருந்து மறைந்தது. இப்போது எவ்வளவு பெட்ரோல் தெளிப்பது என்பதை ஒரு சின்னக் கம்ப்யூட்டர்தான் தீர்மானிக்கிறது.

கல்யாண வீட்டுச் சமையல்காரரை நினைத்துக்கொள்ளுங்கள். அவர் அடுப்படியை விட்டு வரமாட்டார். பந்தியில் எத்தனை இலை போட்டிருக்கிறது என்று ஒரு பையன் ஓடி வந்து சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும். காரில் அந்தப் பையனுக்குத்தான் 'த்ராட்டில் பொஸிஷன் சென்சார்' என்று பெயர். காற்றுத் தகடு எவ்வளவு திறந்திருக்கிறது என்பதை விநாடிக்கு விநாடி சொல்வது அவன் வேலை. 'இருபது இலை, இருபத்தைந்து இலை' என்று சொல்லிவந்தவன் திடீரென்று 'பந்தியில் யாருமே இல்லை' என்றால் என்ன ஆகும்? சமையல்காரர் அடுப்பைத் தணித்துவிடுவார். காத்திருப்பவர்கள் திண்டாட வேண்டியதுதான். அடையாறு சிக்னலில் நான் திண்டாடினேனே, அதே மாதிரி!

பையன் ஏன் பொய் சொல்கிறான்? இங்கேதான் அந்தப் பழைய ரேடியோ வருகிறது. இந்த வகை சென்சாரும் ரேடியோக் குமிழும் உள்ளுக்குள் ஒரே ஜாதி. கார்பன் பூசிய ஒரு பாதை. அதன் மேல் தேய்த்துக்கொண்டு நகரும் ஒரு சின்ன உலோக விரல். வாசற்படியில் எல்லோரும் கால் வைக்கும் இடம் தேய்ந்து பள்ளமாகிறதல்லவா? அதுபோல, நகரத்தில் ஓட்டும்போது கால் அதிகமாக எங்கே நிற்கிறதோ, அந்த இடத்தில் பாதை தேய்ந்துபோகும். விரல் அங்கே வரும்போது மின்சாரத் தொடர்பு விட்டுப்போகிறது. ரேடியோ இருமியது; கார் தயங்குகிறது.

* * *

'அப்படியானால் சென்சாரை மாற்றிவிட வேண்டியதுதானே?' என்று கேட்டேன். மேஸ்திரி சிரித்தார். "சந்தேகத்தின் பேரில் மாற்றுவதென்றால் முன்னே மாற்றினார்களே, அதுவும் இதுவும் ஒன்றுதான். சோதித்துப் பார்த்துவிட்டுச் சொல்கிறேன்" என்றார். அவர் செய்ததை வரிசையாகச் சொல்கிறேன்; கேட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

முதலாவது, ஸ்கேனர். ஸ்டியரிங்குக்குக் கீழே, முழங்காலுக்கு அருகில், ஒரு சாக்கெட் இருக்கும். அதில் ஸ்கேனரைச் செருகினால் கம்ப்யூட்டர் குறித்து வைத்திருக்கும் குறியீட்டைக் காட்டும். எங்கள் வண்டி காட்டியது பி-0122. 0120-லிருந்து 0124 வரை உள்ள எண்கள் இந்த சென்சாரின் சமாசாரம். 0122 என்றால் செய்தி மிகவும் தாழ்ந்து வருகிறது என்று பொருள். 0123 என்றால் மிகவும் உயர்ந்து வருகிறது. 0124 என்றால் விட்டு விட்டு வருகிறது. விளக்கு அணைந்திருந்தாலும் குறியீடு கொஞ்ச காலம் நினைவில் தங்கியிருக்கும். முதல் ஒர்க்‌ஷாப்பில் பாட்டரியைக் கழற்றினார்களே, அப்போது அழிந்துபோனது விளக்கு மட்டும் அல்ல, சாட்சியமும்கூட!

ஆனால் ஒன்று. குறியீடு திருடனின் பெயரைச் சொல்லாது; திருட்டு நடந்த தெருவைத்தான் சொல்லும். அந்தத் தெருவில் சென்சாரும் இருக்கிறது, வொயரும் இருக்கிறது, சாக்கெட்டும் இருக்கிறது.

இரண்டாவது, கண். பானெட்டைத் திறந்து, சென்சாருக்கு வரும் மூன்று வொயர்களையும் கடைசி வரை தடவிப் பார்த்தார். எலி கடித்திருக்கிறதா? எங்காவது உரசித் தோல் உரிந்திருக்கிறதா? சாக்கெட்டுக்குள்ளே பச்சையாகக் களிம்பு ஏறியிருக்கிறதா? இவற்றில் ஏதாவது ஒன்று இருந்திருந்தால் சுத்தம் செய்வதோடு, அல்லது ஒரு ஒட்டோடு, கதை முடிந்திருக்கும். காற்றுத் தகட்டில் கரி படிந்தாலும் வண்டி நிற்கும்போது எஞ்சின் இப்படித் தடுமாறும். அதையும் துணியால் துடைத்துவிட்டுப் பார்த்தார். தயக்கம் போகவில்லை.

மூன்றாவது, மீட்டர். எஞ்சினை ஓட்டாமல் சாவியை மட்டும் 'ஆன்' நிலைக்குத் திருப்பச் சொன்னார். மூன்று வொயர்களில் ஒன்றில் கம்ப்யூட்டர் அனுப்பும் 5 வோல்ட் இருக்க வேண்டும், இருந்தது. இன்னொன்று எர்த், அதுவும் சரி. மூன்றாவதுதான் செய்தி சொல்லும் வொயர். தோலைக் குத்திக் கிழிக்காமல், சாக்கெட்டின் பின்புறமாக மெல்லிய ஊசியை நுழைத்து அளந்தார். கால் வைக்காத நிலையில் சுமார் அரை வோல்ட். தகட்டை முழுக்கத் திறந்தால் சுமார் நாலரை வோல்ட். பெரும்பாலான கார்களில் இதுதான் கணக்கு. உங்கள் வண்டிக்கு உரிய எண் அதன் சர்வீஸ் புத்தகத்தில் இருக்கும்.

"இப்போது காலை மிக மெதுவாக அழுத்துங்கள், அம்மா. முள்ளை நானும் பார்க்கிறேன், நீங்களும் பாருங்கள்" என்றார். அவருடைய மீட்டர் எண் காட்டுகிற புதுசு அல்ல. முள் ஆடுகிற பழசு. இந்தக் காரியத்துக்கு அதுதான் நல்லதாம். எண் மீட்டர் ஒரு நொடியில் வந்து போகும் குறையைக் காட்டாமல் விட்டுவிடக்கூடும். முள் மெதுவாக ஏறியது. அரை வோல்ட்... முக்கால்... ஒன்றை நெருங்கியது. சட்டென்று கீழே விழுந்தது! மறுபடி எழுந்து, ஒன்றேகாலிலிருந்து நாலரை வரை தங்குதடையின்றிப் போயிற்று. காலை எடுத்து மறுபடி அழுத்தினேன். அதே இடத்தில் அதே விழுகை. வொயரைப் பிடித்து ஆட்டிப் பார்த்தார், மாற்றம் இல்லை. சென்சாரை நகத்தால் தட்டினார், முள் நடுங்கியது.

பால் நோட்டில் நான் எழுதியது அத்தனையும் அந்த முள்ளில் தெரிந்தது. எனக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. கைபேசியை எடுத்து முள் விழுவதைப் படம் பிடித்துக்கொண்டேன். யாருக்குக் காட்ட என்று கேட்காதீர்கள்.

* * *

ஜெனரல் பேட்டர்ஸ் ரோட்டில் உதிரி பாகக் கடைகள் வரிசையாக இருக்கின்றன என்பது உங்களுக்குத் தெரியும். பழைய சென்சாரின் மேல் அச்சிட்டிருந்த எண்ணைக் குறித்துக்கொண்டு போய், அதே எண்ணுள்ள புதுசை வாங்கி வந்தோம். ஆயிரத்துச் சொச்சம். பாதி விலைக்கு டூப்ளிகேட் கிடைக்கத்தான் கிடைத்தது. "அதை வாங்கினால் அடுத்த தைக்கு மறுபடி என்னைப் பார்க்க வருவீர்கள்" என்று மேஸ்திரி முன்பே எச்சரித்திருந்தார்.

மாற்றும் வேலை அரை மணிதான். எஞ்சின் ஆறியிருக்க வேண்டும். சாவியை எடுத்துவிட்டு, பாட்டரியின் நெகட்டிவ் முனையைக் கழற்ற வேண்டும். சாக்கெட்டின் பூட்டை விரலால் அமுக்கி விடுவித்து உருவ வேண்டும். வொயரைப் பிடித்து இழுக்கவே கூடாது. பிறகு இரண்டே இரண்டு ஸ்க்ரூக்கள். பழையது கையோடு வந்துவிடும். அது உட்கார்ந்திருந்த நிலையை முன்பே ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்வது உத்தமம்.

புதியதை மாட்டும்போது ஒரு சூட்சுமம். தகட்டின் அச்சு முனை சென்சாரின் உள்வாயில் சரியாகப் பொருந்த வேண்டும். பல வண்டிகளில் கொஞ்சம் கோணலாக வைத்து, உள்ளே இருக்கும் ஸ்பிரிங்கை எதிர்த்து லேசாகத் திருப்பினால்தான் ஸ்க்ரூத் துளைகள் நேருக்கு நேர் வரும். பொருந்தாமல் பலாத்காரமாக முறுக்கினால் புது சென்சார் அங்கேயே உடைந்துபோகும். ஸ்க்ரூக்களையும் பதமாகத்தான் முடுக்க வேண்டும். அலுமினிய மரை சுலபத்தில் அறுந்துவிடும். சில பழைய வண்டிகளில் துளை நீள்வட்டமாக இருக்கும். அவற்றில் மீட்டரைப் பார்த்துக்கொண்டே, கால் வைக்காத நிலைக்கு உரிய வோல்ட் வரும்வரை திருப்பி, பிறகு முடுக்க வேண்டும்.

சாக்கெட் 'டக்' என்று பூட்டிக்கொண்டது. பாட்டரியை மாட்டியதும் மறுபடி மீட்டர் வைத்துப் பார்த்தோம். முள் அரையிலிருந்து நாலரை வரை, கோலத்துக்கு இழுத்த கோடு மாதிரி, எங்கும் அறாமல் ஏறிப் போயிற்று. ஸ்கேனரால் பழைய குறியீட்டை அழித்தார். கம்ப்யூட்டர் புதிய சென்சாருக்குப் பழகச் சிறிது நேரம் வேண்டும். கால் வைக்காமல் எஞ்சினைச் சற்று ஓடவிட்டார். இந்தப் பழக்கும் முறை வண்டிக்கு வண்டி வேறுபடும். புத்தகத்தில் சொன்னபடி செய்வதே சரி.

* * *

இப்போது உங்களுக்குச் சில வார்த்தைகள்.

புது வண்டி வைத்திருப்பவர்கள் ஜாக்கிரதை. அநேகமாக அவற்றில் ஆக்ஸிலேட்டருக்கும் தகட்டுக்கும் இடையே கம்பி கிடையாது. ஒரு சின்ன மோட்டார்தான் தகட்டைத் திறக்கிறது. ஒன்றுக்கு இரண்டாக சென்சார்கள் தகட்டின் கூட்டுக்குள்ளேயே இருக்கும். இரண்டும் ஒத்துப்போகாவிட்டால் வண்டி தானாகவே வேகத்தைக் குறைத்துக்கொண்டு ஊர்ந்து போகும். பெரும்பாலும் முழுக் கூட்டையும்தான் மாற்ற வேண்டியிருக்கும். பிறகு ஸ்கேனரால் பழக்கவும் வேண்டும். சாவி போட்டிருக்கும்போது அந்தத் தகட்டுக்குள் விரலை விட்டுவிடாதீர்கள். மோட்டார் சட்டென்று மூடினால் விரல் நசுங்கிவிடும்.

ஓடும்போது வண்டி தயங்கினால் பதறாதீர்கள். நாலு விளக்கையும் சிமிட்ட விட்டு, இடது ஓரத்துக்கு ஒதுங்குங்கள். கோளாறு தீரும்வரை பெரிய சிக்னலையும் பாலத்தையும் தவிர்த்துவிடுங்கள். வீட்டுக்கு வந்ததும் நோட்டில் எழுதுங்கள். மெக்கானிக்கிடம் போய், 'இதை மாற்றுங்கள்' என்று சொல்லாதீர்கள்; 'இந்த வேகத்தில், கால் இப்படி இருக்கும்போது, இப்படி ஆகிறது' என்று சொல்லுங்கள். அவர் எதையாவது மாற்ற வேண்டும் என்றால், 'எப்படித் தெரிந்தது? எனக்கும் காட்டுங்கள்' என்று கேளுங்கள். நல்ல மெக்கானிக் கோபித்துக்கொள்ள மாட்டார். மீட்டரை உங்கள் பக்கம் திருப்பிக் காட்டுவார்.

அன்று மாலை என் கணவரிடம் அந்த முள் விழும் படத்தைக் காட்டினேன். இரண்டு தடவை பார்த்தார். "அப்படியா!" என்றார். ஆண்பிள்ளைகள் மன்னிப்புக் கேட்கும் பாஷையில் அதற்கு என்ன அர்த்தம் என்று உங்களுக்குத் தெரியும். ஆகவே நானும் அதோடு விட்டுவிட்டேன்.

தேய்ந்துபோன பழைய சென்சார் இப்போது பால் நோட்டுக்குப் பக்கத்திலேயே அலமாரியில் இருக்கிறது. தூக்கிப் போட மனம் வரவில்லை.

மாசி மாதம் ஊசி போடும் நாள் வந்தது. ஆட்டோவுக்குச் சொல்லட்டுமா என்று பிள்ளை கேட்டான். மாமியார் அதற்குள் செருப்பைப் போட்டுக்கொண்டு, கைப்பையோடு வாசலில் காரின் முன் கதவைத் தடவித் தேடிக்கொண்டிருந்தார்.

"ஆட்டோ எதுக்குடா? உங்க அம்மா ஓட்டுவா" என்றார்.